மலையைக் கேட்டுக் கட்டுக!

இயற்கையை மனிதன் வென்றுவிட்டான் என்று மேடைகளில் முழங்குவது வழக்கம். இடுக்கி அணையை நேரில் பார்த்தவர்கள் அப்படிச் சொல்லத் தயங்குவார்கள்.

குறவன், குறத்தி என்னும் இரு மலைகளுக்கு நடுவே, பெரியாற்றின் குறுக்கே கட்டப்பட்ட இந்த அணை 1976ல் திறந்து வைக்கப்பட்டது. உயரம் சுமார் 169 மீட்டர். அடிப்பகுதியின் கனமோ சுமார் 20 மீட்டர்தான். தன் எடையால் மட்டுமே நீரைத் தடுக்கும் அணைக்கு இந்தக் கனம் போதவே போதாது. ஆனால் இது நீரை நோக்கி வில்லாக வளைந்திருக்கிறது. அதனால் நீரின் அழுத்தம் இரு பக்கப் பாறைகளுக்கும் போய்ச் சேருகிறது. சுமையைத் தாங்குவது மலை. கான்கிரீட் அதற்குத் துணை.

பாலக்காட்டிலும் இதே பாடந்தான். மேற்கு மலைத்தொடரில் சுமார் 30 கிலோமீட்டர் அகலத்துக்கு இயற்கையே விட்டுவைத்த கணவாய் வழியாகத்தான் அன்று ரயில் பாதை போட்டார்கள். அந்தக் கணவாயில் வீசும் காற்றை நம்பியே கஞ்சிக்கோட்டில் காற்றாலைகள் நிற்கின்றன.

அணைக்குக் காட்டிய இந்த அக்கறை தோட்டத் தொழிலாளியின் குடியிருப்புக்கும் காட்டப்பட்டதா?

2020 ஆகஸ்ட் 6ந் தேதி இரவு, மூணாறை அடுத்த பெட்டிமுடியில் மலை சரிந்தது. மண்ணும் பாறையும் லயங்களை மூடின. 70 பேர் மாண்டனர். பெரும்பாலோர் தமிழர்கள், கயத்தாறு வட்டாரத்தைப் பூர்வீகமாகக் கொண்ட குடும்பங்கள் பல. தொலைபேசித் தொடர்பு அறுந்து கிடந்ததால் மறுநாள் காலையில்தான் வெளியுலகுக்குத் தெரிந்தது.

மழையின் மீது மட்டும் பழி போட்டுவிட்டு ஒதுங்க முடியாது. அடைமழையில் மண் நீரைக் குடித்துக் கனக்கும். அடியிலுள்ள பாறையின் பிடி தளரும். சரிந்த மண் ஓடை வழியே பாயும். இது பொறியாளர்கள் அறியாத ரகசியம் அல்ல. அந்த வழியில் வீடுகளை நிறுத்தியது மழை அல்லவே!

சரிவின் கீழுள்ள ஒவ்வொரு லயத்தையும் நிலவியல் வல்லுநர்கள் சோதிக்க வேண்டும். ஆபத்தான இடங்களில் இருப்போருக்கு வேறிடத்தில் வீடு தரவேண்டும். மண்வாரி இயந்திரத்தால் சரிவை வெட்டுமுன் மழைநீருக்கு வழி விடவேண்டும். தோட்டந்தோறும் மழைமானியும், புயல் மழையிலும் அறுந்து போகாத செய்தித் தொடர்பும் அவசியம்.

மின்சாரம் தரும் அணைக்கு ஒரு நீதி, தேயிலை பறிக்கும் தொழிலாளிக்கு ஒரு நீதி என்பது கூடாது. அடுத்த மழைக்காலத்துக்கு முன்பே அரசும் தோட்ட நிர்வாகங்களும் ஆவன செய்யட்டும்.