விலாவில் நீர் கோத்தல்

கள்ளக்குறிச்சி கருணாபுரத்தின் பெயரை 2024 ஜூன் மாதத்தில் நாடே அறிந்தது. மெத்தனால் கலந்த சாராயத்தைக் குடித்து 60-க்கும் மேற்பட்டோர் மாண்டனர். அந்நஞ்சு விரைந்து கொன்றது. ஆண்டுக்கணக்கில் குடி செய்யும் கேடோ செய்தித்தாளில் வருவதில்லை. அவற்றுள் ஒன்றைக் குறித்தே இம்மாதம் எழுத முற்பட்டோம். கல்லீரல் கெட்டுச் சுருங்கியவர்க்கு வயிற்றில் மகோதரமாய்ச் சேரும் நீர், உதரவிதானத்திலுள்ள நுண்துளைகளின் வழியே மேலேறி, பெரும்பாலும் வலப்பக்க விலாவில் தேங்குவதுண்டு.

ஆனால் நெஞ்சில் நீர் கோத்தவரெல்லாம் குடிகாரர் என எண்ணிவிட வேண்டாம். இருதயம் தளர்ந்தாலும், சிறுநீரகம் கெட்டாலும், நிமோனியாவாலும், புற்றுநோயாலும் இது வரும். நம் நாட்டில் இளவயதினருக்கு வரும்போது மருத்துவர் முதலில் ஐயுறுவது காசநோயையே.

நுரையீரலைச் சுற்றி மெல்லிய உறை ஒன்று இரு மடிப்பாக அமைந்துள்ளது. மடிப்புகள் உரசாதிருக்க அவற்றிடையே சில தேக்கரண்டி நீர் மட்டுமே இருக்கும். நோயுற்றால் அது லிட்டர் கணக்கில் பெருகி நுரையீரலை நசுக்கும். தொடக்கத்தில், மூச்சை உள்ளிழுக்கும்போதெல்லாம் விலாவில் கத்தி பாய்ந்தாற்போல் வலிக்கும். பின்பு நீர் மிகுந்து மடிப்புகள் விலகியதும் வலி குறையும், மூச்சுத்திணறல் கூடும். வலி போயிற்றே என்று மகிழ்ந்து வீட்டிலிருப்பவர் பலர். ஏமாற்றும் இடம் இதுவே. வலி தணிந்தும் மாலைக் காய்ச்சலும் இருமலும் இளைப்பும் நீங்காவிடில், தாமதியாமல் மருத்துவமனைக்குச் செல்க.

மருத்துவர் முதுகில் விரல் வைத்துத் தட்டுவார். 1761-ஆம் ஆண்டில் இம்முறையை நூலாக வெளியிட்டவர் வியன்னா மருத்துவர் அவுன்புருக்கர். சத்திரக்காரர் ஒருவரின் மகன். நம் பெண்கள் சந்தையில் தேங்காயைத் தட்டிப் பார்ப்பதும் ஏறக்குறைய இக்கலைதான்! நீருள்ள இடம் கல்லைத் தட்டினாற்போல் மந்தமாய் ஒலிக்கும். எக்ஸ்ரே அதனை உறுதி செய்யும். எக்ஸ்ரேயில் தெரியாத சிறிதளவு நீரையும் ஸ்கேன் காட்டிவிடும்.

அடுத்தது ஊசி. இதற்கு அஞ்சியே மருத்துவமனையை விட்டு ஓடுவோர் உண்டு. நோயாளியை முன்சாய்ந்து அமரச் செய்து, தோலை மரக்கச் செய்து, ஸ்கேன் பார்த்து, விலா எலும்பின் மேல் விளிம்பை ஒட்டி ஊசி செலுத்துவர். கீழ் விளிம்பில் இரத்தக்குழாய் ஓடுவதே இதற்குக் காரணம். ஒரே வேளையில் பொதுவாக ஒன்றரை லிட்டருக்கு மேல் எடுப்பதில்லை. நசுங்கிய நுரையீரல் திடீரென விரிந்தால் அதுவே துன்பமாகும்.

எடுத்த நீர்தான் உண்மையைச் சொல்லும். அதிலுள்ள புரதத்தையும், எல்.டி.எச். என்னும் நொதியையும் இரத்தத்திலுள்ள அளவோடு ஒப்பிடும் முறையை 1972-இல் அமெரிக்க மருத்துவர் லைட் வகுத்தார். இரத்தப் புரதத்தின் பாதிக்கு மேல் நீரில் இருப்பின், உறையே நோயுற்றிருக்கலாம். குறைவெனில் இருதயம், கல்லீரல் போன்றவற்றைப் பார்க்க வேண்டும். காசநோய் நீரில் கிருமிகள் மிகச் சிலவே இருக்கும். ஆகவே ‘கிருமி இல்லை’ என்று முடிவு வந்தாலும் நோய் இல்லையெனக் கொள்ளலாகாது. ஏ.டி.ஏ. என்னும் நொதி மிகுந்திருப்பது அப்போது துணைச் சான்றாகும்.

சிகிச்சை காரணத்தைப் பொறுத்தது. இருதயத் தளர்ச்சிக்குச் சிறுநீர் பிரியும் மாத்திரை. சீழ் பிடித்தால் குழாய் வைத்து வடித்தல். காசநோய்க்கோ ஆறு மாத மருந்து: இரண்டு மாதம் நான்கு மருந்துகள், பின் நான்கு மாதம் மூன்று. அரசு இதனை இலவசமாகத் தருகிறது. சத்துணவுக்காக மாதம் 500 ரூபாயாக இருந்த உதவி 2024 நவம்பர் முதல் 1000 ரூபாயாகியுள்ளது. ஊரைவிட்டு நோயாளியை ஒதுக்கவும் வேண்டியதில்லை. 1956-இல் சென்னையில் தொடங்கிய காசநோய் ஆய்வு மையம், வீட்டிலிருந்தே மருந்துண்டவர்களும் சானட்டோரியத்தில் படுத்திருந்தவர்களுக்கு இணையாகக் குணமடைந்ததை 1959-இல் உலகிற்குக் காட்டிற்று. சிறிய வீடுகளில் அரைவயிறு உண்டு வாழ்ந்த ஏழைகள் அவர்கள்.

சில வாரங்களில் காய்ச்சல் நின்று பசி எடுக்கும். கல்வராயன் மலையிலிருந்து கூலி இழந்து இறங்கி வருவோர் அப்போதே மருந்தை நிறுத்த எண்ணுவது இயல்பு. அவர்கள் அருகிலுள்ள ஆரம்ப சுகாதார நிலையத்திலேயே மருந்து பெறக் கேட்டுக்கொள்ளலாம். ஆறு மாதம் முடிந்த பின்னும் எக்ஸ்ரேயில் உறை சற்றுத் தடித்துத் தோன்றலாம்; அது பெரும்பாலும் ஆறிய புண்ணின் தழும்பே.