கல்லுப்பள்ளி

கீழக்கரைப் பெரிய ஜும்மா பள்ளியில் அஸர் தொழுதவர்கள் எழுந்து போன பிறகும் நான் ஒரு தூணடியில் உட்கார்ந்திருந்தேன். தலைக்கு மேலே, தூணுச்சியில் உத்தரம் தாங்கும் கல் போதிகை. அதன் நுனியில் தலைகீழாகத் தொங்கும் மொட்டு, இதழ் இதழாக விரிந்து கடைசியில் வாழைப்பூவைப் போலக் கூம்பி நிற்கிறது.

"என்ன தம்பி, அப்படிப் பாக்குறிய?" என்றார் அருகில் தஸ்பீஹ் உருட்டிக்கொண்டிருந்த பெரியவர். "சின்னப் புள்ளையில, அந்த மொட்டு உதுந்து தலையில விழுந்துருமோன்னு பயந்து தள்ளி உக்காருவேன்."

மதுரைக் கோயில் மண்டபங்களில் பார்த்த அதே பூமுனை. உளி பிடித்தவர் எந்த மரபில் தொழில் படித்தவர் என்பதற்கு வேறு சாட்சி வேண்டாம்.

17ஆம் நூற்றாண்டின் கடைசியில் சீதக்காதி வள்ளல் கட்டிய பள்ளி என்று ஊர் சொல்கிறது. ஷெய்கு அப்துல் காதிர் மரைக்காயர் என்பது அவர் இயற்பெயர். கடல் வணிகர், கிழவன் சேதுபதிக்கு நெருக்கமானவர். அவர் குருவாகக் கொண்டவர் காதிரிய்யா வழி வந்த சூஃபி ஞானி சதக்கத்துல்லா அப்பா (1632–1703). இருவரும் இங்கேயே அடங்கியிருக்கிறார்கள்.

கோயில் தூணின் சதுரங்களில் தெய்வமோ யாளியோ ஆடும் பெண்ணோ இருக்கும். பள்ளியில் உருவம் ஆகாது. அதற்காகக் கல்தச்சர் தம் கைப்பழக்கத்தை விட்டுவிடவில்லை. உருவம் இருக்கும் இடத்தில் தாமரையையும் கொடியையும் செதுக்கினார். திசையும் அவருக்கு ஒத்துழைத்தது. மக்கா நமக்கு மேற்கே இருப்பதால், தொழும் திசையைக் காட்டும் மிஹ்ராப் மேற்குச் சுவரில். கோயிலைப் போலவே உள்ளே நுழைவது கிழக்கிலிருந்து. மாறியது உள்ளேதான். கோயில் மண்டபம் நம்மைக் கருவறை நோக்கி நீளவாக்கில் அழைத்துப் போகும். இங்கே தோளோடு தோள் ஒட்டிக் குறுக்கே அணி வகுக்க வேண்டும், இடையில் தூண் வந்தால் அந்த அணி, ஸஃப், உடைந்துபோகும். அதனால் தூண் வரிசையை விட்டுவிட்டு, இரண்டு வரிசைக்கும் நடுவிலுள்ள வெளியில் நிற்கிறோம். கோயில் கட்டிய கையும் தொழுகிற உடம்பும் பேசி ஒத்துக்கொண்ட ஏற்பாடாகவே எனக்கு இது படுகிறது.

எங்கள் பேச்சிலும் அந்த ஏற்பாடு உண்டு. மஸ்ஜிதைப் பள்ளி என்கிறோம். ஒரு காலத்தில் சமணர்களும் பௌத்தர்களும் வைத்திருந்த சொல் அது. ஸலாத் தொழுகையானது, ஸவ்ம் நோன்பானது. சீதக்காதி ஆதரித்த உமறுப் புலவர் சீறாப்புராணத்தில் அரபு நாட்டைப் பாட எடுத்தபோது, அங்கே மழை பெய்து ஆறு பெருகி வயல் விளைந்தது. கல்தச்சரின் தாமரையும் புலவரின் வயலும் ஒரே மனசிலிருந்து வந்தவை.

இதையெல்லாம் எழுத ஒரு காரணம் இருக்கிறது. எங்கள் ஊரிலும் சின்னதாக ஒரு கல்லுப்பள்ளி இருந்தது. இடம் போதவில்லை என்று நான் வெளியூரில் இருந்தபோது இடித்துவிட்டார்கள். இடம் போதவில்லை என்பது உண்மைதான். ஆனால் பக்கத்தில் காலி மனை இருந்தது. இப்போது அங்கே கான்கிரீட் குவிமாடமும் பளபளக்கும் டைல்ஸும். வெயிற்காலத்தில் வெறுங்காலோடு நின்றால் உள்ளங்காலில் ஏறிய அந்தக் கல்லின் குளிர்ச்சி போய், நான்கு ஏசி மாட்டியிருக்கிறோம். தூண்கள் எங்கே போயின என்று யாரைக் கேட்டும் பதில் இல்லை.

போதிகை ஒன்று மட்டும் ஒளுச் செய்யும் இடத்துக்குப் பின்னால், முருங்கை மரத்தடியில் கிடக்கிறது. கீழக்கரையிலிருந்து திரும்பிய மறுநாள் அதைப் புரட்டினேன். மொட்டு மண்ணுக்குள் புதைந்திருந்தது. தண்ணீர் ஊற்றித் தென்னை நாரால் தேய்க்கத் தேய்க்க ஒவ்வொன்றாக வெளியே வந்தன, எட்டு இதழ்கள். ஒன்று மூளி. இடுக்கில் பழைய சுண்ணாம்பு இன்னும் ஒட்டியிருந்தது.

புதுப் பள்ளியின் வாசலில் பிள்ளைகள் கைக்கு எட்டுகிற உயரத்தில் அதை வைத்துத் தரும்படி ஜமாத்தாரிடம் கேட்டிருக்கிறேன். வெள்ளிக்கிழமை பேசி முடிவு சொல்வதாகச் சொல்லியிருக்கிறார்கள்.