சர்ஃபிங் படம் பார்க்கிறீங்களா? அலைக்குக் கீழே இருக்கும் மணலையும் பாருங்க!

கோவில்பட்டியில் ஹாக்கி மட்டை இருக்கும் வீட்டைச் சுலபமாகக் காட்டிவிடலாம். சர்ஃப் போர்டு இருக்கும் வீடு? கஷ்டம்தான். தூத்துக்குடிக் கடல் என்னவோ சுமார் 60 கிலோமீட்டர்தான். ஆனாலும் 'கடல் நம்ம ஊர் மேட்டர் இல்ல' என்ற நினைப்பு கரிசல் பக்கம் இருக்கு.

2014-ல் வந்த 'பியாண்ட் தி சர்ஃபேஸ்' ஆவணப்படத்தில் இந்திய சர்ஃபர் இஷிதா மாளவியாவும் வெளிநாட்டுப் பெண் சர்ஃபர்களும் தென்னிந்தியாவைச் சுற்றி வருகிறார்கள். நல்ல படம். ஆனால் பொதுவாக சர்ஃபிங் படங்களில் அலைதான் ஹீரோ. அந்த அலையை உருவாக்கும் மணல் பற்றிப் பேச்சே இருக்காது.

அலை உடைவது, கடலடித் தரை மேடாகும் இடத்தில். மணல் இடம் மாறினால் அலையும் மாறும். தமிழகக் கரையில் மணல் வருடத்தின் பெரும்பகுதி தெற்கிலிருந்து வடக்கே நகர்ந்துகொண்டே இருக்கிறது. குறுக்கே கல்லைக் கொட்டித் துறைமுகச் சுவர் எழுப்பினால்? தெற்கே மணல் குவியும், வடக்கே கரை பட்டினி கிடக்கும். 1980-களின் கடைசியில் துறைமுகம் வந்தபின் புதுச்சேரி தன் கடற்கரையை இழந்தது இப்படித்தான். சென்னையைச் சேர்ந்த சேகர் தத்தாத்ரி எடுத்த 'இந்தியாஸ் டிஸப்பியரிங் பீச்சஸ்' இதைத்தான் பேசுகிறது. அதில் சாகசம் கிடையாது. ஆனால் சர்ஃபர்கள் முதலில் பார்க்க வேண்டிய படம் அதுதான்.

2025 ஆகஸ்டில் மாமல்லபுரத்தில் நடந்த ஆசிய சர்ஃபிங் போட்டியில் ரமேஷ் புதிஹால் வெண்கலம் வென்றார். கொண்டாடினோம், சரி. ஆனால் 1990 முதல் 2018 வரையிலான அரசு ஆய்வில், இந்தியக் கரையின் சுமார் மூன்றில் ஒரு பங்கு அரிப்பில் இருப்பது தெரியவந்தது. பதக்கம் டிரெண்ட் ஆனது, இது ஆகவில்லை.

'அதுக்கும் கோவில்பட்டிக்கும் என்னங்க?' என்று கேட்கலாம். 2023 டிசம்பரை மறந்துட்டீங்களா? குமரிக்கடல் பக்கம் உருவான காற்றுச் சுழற்சியால் காயல்பட்டினத்தில் ஒரே நாளில் சுமார் 95 செ.மீ. மழை. இதே மாவட்டத்துக் கரிசல் காட்டில் மானாவாரி உளுந்தும் பாசியும் தண்ணீரில் நின்றன. நம்ம வானம் பார்த்த பூமி பார்ப்பது கடல் அனுப்பும் மேகத்தைத்தான். கடல் சூடாகும்போது காற்றில் ஏறும் ஈரமும் கூடுகிறது.

அதனால் மணப்பாட்டு அலையைப் படம்பிடிக்க அடுத்து வரும் தயாரிப்பாளர், ட்ரோனைப் பறக்கவிடும் முன் இரண்டு கேள்வி கேட்கட்டும். கரை எவ்வளவு உள்ளே வந்திருக்கு என்று மீனவர்களிடம். ஐப்பசி விதைப்பு எப்படிப் போச்சு என்று எட்டயபுரம் பக்கத்து விவசாயியிடம்.