படியைப் படம் பிடியுங்கள்

"கண்ணீர் விடாமல் பார்க்கவே முடியாது, ஸார்!" என்று சிபாரிசு செய்தார் ஒரு நண்பர். அந்தச் சிபாரிசுதான் எனக்குப் பயமாக இருந்தது.

சேலத்துச் சகோதரிகள் வானவன் மாதேவி, இயல் இசை வல்லபி இருவரையும் பற்றிய ஆவணப்படம் அது. 'நம்பிக்கை மனுஷிகள்' என்று பெயர். (ராஜராஜனைப் பெற்றவளின் பெயர் அல்லவா ஒருவருக்கு!) இருவருக்கும் தசைச்சிதைவு நோய். தசைகள் வருஷத்துக்கு வருஷம் வலுவிழந்துகொண்டே போகும். பூரணமாகக் குணப்படுத்தும் மருந்து இன்றுவரை இல்லை. அந்த நிலையிலும் ஆதவ் அறக்கட்டளை நடத்தித் தம்மைப் போன்றவர்களுக்கு உதவினார்கள். வானவன் மாதேவி 2017-இல் காலமானார்.

அந்தப் படத்தோடு எனக்குச் சண்டை இல்லை. பார்த்துவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டு காபி சாப்பிடப் போகும் நம்மோடும், நமக்காகவே வயலினை அழவிட்டுப் படம் எடுப்பவர்களோடும்தான் சண்டை. 'ஊனத்தை வென்றவர்' என்கிறது பின்னணிக் குரல். வெல்வதாவது! மன உறுதியைக் கண்டு தசை சிதையாமல் நின்றுவிடுமா?

அதே ஜில்லாவில், பெரியவடகம்பட்டியில் பிறந்தவர் மாரியப்பன் தங்கவேலு. சிறு வயதில் பஸ் மோதிக் கால் நசுங்கியது. 2016-இல் ரியோ பாராலிம்பிக்கில் 1.89 மீட்டர் தாண்டித் தங்கம் வாங்கினார். பெருமைதான், மறுக்கவில்லை. ஆனால் தாண்டியவரைக் காட்டிக் காட்டியே, தாண்ட முடியாதவரைக் குற்றவாளியாக்கிவிடுகிறோமே! இப்படி அதிசயப் பிறவியாக்குவதும் தப்பு என்று 2024-இல் சுப்ரீம் கோர்ட்டே சொல்லிவிட்டது.

2016-ஆம் வருஷத்துச் சட்டம் தசைச்சிதைவையும் 21 வகைகளில் ஒன்றாகச் சேர்த்தது. விதிகள் வந்த ஐந்து வருஷத்துக்குள் பொதுக் கட்டடங்களுக்குள் எல்லோரும் போய்வர வழி செய்ய வேண்டும் என்றது. விதிகள் 2017-இல் வந்தன. கெடு என்றைக்கோ முடிந்துவிட்டது. படிகள் அப்படியே இருக்கின்றன.

நாமக்கல் போகும் பஸ் ஒன்றில், வயது வந்த ஒரு பெண்ணை மரவள்ளி மூட்டையைத் தூக்குகிற மாதிரி இரண்டு ஆண்கள் தூக்கி ஏற்றியதை நான் பார்த்தேன். அவள் கண்களை மூடிக்கொண்டிருந்தாள். அங்கே காமிரா இருந்திருந்தால் அவள் முகத்துக்குத்தான் போயிருக்கும். போகக் கூடாது. பஸ்ஸின் முதல் படிக்குப் போக வேண்டும். தரையிலிருந்து எத்தனை அங்குலம் என்று அளந்து காட்ட வேண்டும். அந்த உயரத்துக்குக் கையெழுத்துப் போட்டது யார் என்று கேட்க வேண்டும்.

நண்பரிடம் இதைச் சொன்னேன்.

"படியைக் காட்டினால் யார் ஸார் அழுவார்கள்?" என்றார்.