அளக்கும் நாளில் அயர்ந்திருக்கலாமா?

வேலிச் சண்டை ஓயாத யாழ்ப்பாணத்தில், பிரிவிடல் வழக்கொன்றுக்காக நீதிமன்றம் நில அளவையாளரை அனுப்பும்போது, அயற்காணிக் கமக்காரர் 'வழக்கு எமதன்று' என்று வாளாவிருந்துவிடுகின்றனர். அளவைப் படத்தில் அவர்தம் காணித் துண்டும் சேர்ந்துவிட்டால்? 1977ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கப் பிரிவிடல் சட்டத்தின்கீழ் வழங்கப்படும் தீர்ப்பு, வழக்கிலே தோன்றாதவரையும் பொதுவாகக் கட்டுப்படுத்தும். 1990இல் இடம்பெயர்ந்து பல்லாண்டுகளின் பின் மீண்ட வலிகாமம் வடக்கு மக்களிற் பலருக்கு வேலியுமில்லை, எல்லைக்கல்லுமில்லை. உறுதியும் பழைய படமுமே துணை.

ஆதலின், அளவையாளர் வரும் நாளில் உறுதியுடன் காணியிலே நில்லுங்கள். உங்கள் உரிமைக் கோரிக்கையை அவர் அறிக்கையிற் குறிக்கச் செய்யுங்கள், நீதிமன்றிலும் தோன்றுங்கள். சட்டமறிந்தோர் ஊதியம் கருதாது ஏழைக் கமக்காரருக்குத் துணைநிற்க வேண்டுகிறோம். மண்ணை இழந்தபின் வழக்குரைத்துப் பயனென்ன?