மன்னிப்பு மனுவுக்கும் ஒரு கெடு வேண்டும்

ஆசிரியர் அவர்களுக்கு,

சிவில் வழக்குகளில் கெடு கடந்து வருகிற கட்சிக்காரருக்கு நியாயஸ்தலம் காட்டும் தாட்சண்யத்தைக் குறித்து, அதனால் மூன்று வருஷமாக அல்லற்படுகிறவன் என்ற முறையில், தங்கள் பத்திரிகை வாயிலாகச் சில வார்த்தைகள் சொல்ல விரும்புகிறேன்.

கள்ளிக்குப்பத்தில் என் தகப்பனார் வாங்கி வைத்த அரைக் கிரவுண்டு மனைக்கு வேறொருவர் உரிமை கொண்டாடவே, நான் பிராது செய்து, ஒன்பது வருஷம் வாய்தாவுக்கு வாய்தா கோர்ட்டுப் படியேறி டிகிரி பெற்றேன். அதன் மேல் அப்பீல் செய்யச் சட்டம் கொடுத்த அவகாசம் 30 நாள். எதிர்க்கட்சிக்காரரோ நாலு வருஷம் கழித்து, தமக்கு மஞ்சள் காமாலை கண்டிருந்ததாகச் சொல்லி, தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனு ஒன்றை அப்பீலுடன் சேர்த்துப் போட்டார். ஒரு வாய்தாவில் நோட்டீசு சார்பாகவில்லை, மறு வாய்தாவில் வக்கீல் வரவில்லை, அதற்கடுத்ததில் நீதிபதி மாற்றலாகிவிட்டார் என்று அம்மனு இன்றுவரை மூன்று வருஷமாக முடிவாகாமல் கிடக்கிறது.

மன்னிக்கும் அதிகாரமே கூடாதென்று நான் சொல்லவில்லை. 1963-ஆம் வருஷத்துக் காலவரையறைச் சட்டத்தின் 5-ஆம் பிரிவு, போதுமான காரணம் காட்டினால் தாமதத்தை மன்னிக்கலாம் என்கிறது. அச்சொற்களைத் தாராளமாக அர்த்தம் பண்ண வேண்டுமென்று சென்னை உயர் நீதிமன்றம் சென்ற நூற்றாண்டுக்கும் முந்திய காலத்திலேயே வழிகாட்டியிருக்கிறது. நம் மாநிலத்து வழக்கொன்றில், வக்கீலின் அசிரத்தையால் 883 நாள் பிந்தி வந்த ஒருவர், அதே வக்கீலிடமிருந்து நுகர்வோர் மன்றத்தின் மூலம் 50,000 ரூபாய் நஷ்டஈடும் பெற்றிருந்தார். அவருக்கு உயர் நீதிமன்றம் அடைத்த கதவை 1998-இல் உச்ச நீதிமன்றம் திறந்துவிட்டது. எத்தனை நாள் என்பதல்ல, சொன்ன காரணம் ஏற்கத்தக்கதா என்பதே கேள்வி என்றார் நீதிபதி கே.டி. தாமஸ். அது தர்மமான தீர்ப்பென்றே இன்றும் எண்ணுகிறேன். சர்க்கார் இலாகாக்கள் பைல் மேஜைக்கு மேஜை நகர்ந்த கதையைச் சொல்லிச் சலுகை கேட்பதை 2012-இல் தபால் இலாகாவின் 427 நாள் தாமத வழக்கில் அதே உச்ச நீதிமன்றம் ஏற்க மறுத்ததும், கர்நாடக வீட்டு வசதி வாரியத்தின் 3,966 நாள் தாமதத்தை அம்மாநில உயர் நீதிமன்றம் மன்னித்ததை 2025-இல் ரத்து செய்ததும் அதே அளவுக்கு நியாயமானவையே.

என் ஆட்சேபம் வேறு. மன்னிப்பதா இல்லையா என்று தீர்மானிப்பதற்கே வருஷக்கணக்காகிறதே, அந்தத் தாமதத்தை யார் யாரிடம் மன்னிக்கக் கேட்பது? அப்பீலைத் தொடும் முன்பே இம்மனுவை முடிவு செய்ய வேண்டுமென்றும், அதுவரை டிகிரிக்குத் தடையுத்தரவு தரலாகாதென்றும் சிவில் நடைமுறைச் சட்டத்தில் 1976-ஆம் வருஷத்துத் திருத்தம் ஒரு விதியைச் சேர்த்தது. ஆனால் எத்தனை நாளுக்குள் என்று அது சொல்லவில்லை. ஆகையால் தடையுத்தரவு இல்லாமலே எதிராளியின் காரியம் நடந்துவிடுகிறது: வீடு கட்டக் கடன் கேட்டுப் போனால், வங்கியின் வக்கீல், இன்னும் நம்பர்கூட ஆகாத அந்த அப்பீலைக் காட்டி, வில்லங்கம் உண்டென்று எழுதிவிடுகிறார், விற்கவும் வழியில்லை. மனு தள்ளுபடியானாலும் இழந்த வருஷங்களுக்கு யாதொரு பரிகாரமும் கிடையாது.

கீழ்க் கோர்ட்டுகளை மேற்பார்வை செய்யும் சென்னை உயர் நீதிமன்றம், இத்தகைய மனுக்களை நோட்டீசு சார்பான ஆறு மாதத்துக்குள் முடிக்க வேண்டுமென்று ஒரு சுற்றறிக்கை பிறப்பிக்க வேண்டும். வாய்தா கேட்பவர் அன்றைய செலவை எதிராளிக்கு ரொக்கமாகக் கொடுத்த பிறகே வாய்தா தரப்பட வேண்டும். தாங்களும் இதைத் தலையங்கத்தில் எடுத்தெழுதி, என்னைப்போல் காத்திருப்பவர்களுக்குத் துணை நிற்குமாறு வேண்டுகிறேன்.

இங்ஙனம்,
ஒரு வாசகர்,
கள்ளிக்குப்பம்