பொறி யாருடையது?

சுழி என்னும் சொல்லைத் தன் பெயரிலேயே தாங்கிய ஊர் நம் திருச்சுழி. அச்சொல்லின் உறவாகிய சுழலிதான் உந்துவிசிறி வானூர்திக்கு உயிர். எரிந்த வளி சுழலியைச் சுழற்ற, சுழலி முகப்பு விசிறியைச் சுழற்றும். குறுகிய ஓடுபாதைக்கும் சிக்கனமான எரிநெய்ச் செலவுக்கும் ஏற்ற பொறி இது.

இவ்வகைப் பெரும்பொறிகளைச் செய்து விற்போர் உலகில் விரல்விட்டு எண்ணத்தக்கவரே. அவர் கையை நம்பியதன் விளைவைச் சூலூரில் காண்க! அப்படைத்தளத்தின் ஆன்-32 வானூர்திகளுக்கு, ஏறத்தாழ 5,000 குதிரைத்திறன் கொண்ட பொறிகள் உக்கிரேனின் சப்போரிசியாவிலிருந்து வந்தவை. அவ்வகை வானூர்திகளைப் புதுக்கத் தில்லியரசு 2009இல் உக்கிரேனோடு ஒப்பந்தம் செய்தது. 2014இல் உருசியப் பூசல் மூண்டது, உதிரியுறுப்புகள் தடைப்பட்டன, பணி தேங்கியது.

பாடம் கற்றனரா? 2021இல் 56 சி-295 வானூர்திகளுக்கு ஒப்பந்தமிட்டனர். நாற்பதை வடோதராவிலேயே செய்கிறோம் என்று முழங்குகின்றனர்; நன்று! ஆனால் பொறி கனடா நாட்டுப் பிராட்-விட்னி நிறுவனத்தது. (தூத்துக்குடிக்கு வந்து செல்லும் ஏ.டி.ஆர். 72க்கும் அந்நிறுவனப் பொறியே.)

பொறியின் அழுத்தியலகுக்கு உதவும் தைத்தானியத்தின் கனிமம் மணவாளக்குறிச்சி மணலில் கிடக்கிறது. அலகு வார்க்கும் ஆலைக்கு மழை வேண்டா. கருவேலங்கரி மூட்டி வாழும் நம் திருச்சுழி இளைஞர்க்கு அத்தொழிலைக் கற்பிக்கும் பயிற்சிக்கூடம் ஒன்றையேனும் அரசு இங்கே நிறுவட்டும்!